பகலில் எடுத்த நிலா

ராயபுரத்தில் எங்கள் தெருக்கோடி வீட்டில் ஒருவர் இருந்தார். வடபழனி ஸ்டுடியோக்களில் லைட்மேனாக இருபது வருஷத்துக்கு மேல் உழைத்தவர். பெரியவர்களுக்கு அவர் லைட்டுக்காரர், தெருப் பிள்ளைகளுக்கு லைட்டு மாமா. ஆர்க் லைட்டைப் பரணில் தூக்கி ஏற்றியே வலது தோள்பட்டை சற்று இறங்கிப்போயிருக்கும். சட்டைப் பையில் எப்போதும் ஒரு சிவப்பு ஜெலட்டின் தாள் நாலாக மடித்துக் கிடக்கும்.

ஒரு கோடை விடுமுறையில் எங்கள் நாலைந்து பேரை உச்சிவெயில் நேரத்தில் காசிமேட்டுப் பக்கம் கடலோரம் கூட்டிக்கொண்டு போனார். வெயில் மண்டையைப் பிளக்கிறது. மாமா அந்தத் தாளை விரித்து என் கண்ணுக்கு நேரே பிடித்தார்.

"கண்ண முக்கால்வாசி மூடிக்கோ. செவப்ப மறந்துடு. வெளிச்சத்த மட்டும் பாரு."

பார்த்தேன். நீல வானம் கருத்துப்போனது. தூரத்தில் நின்ற கட்டுமரம் வெறும் கரிய கோடானது. அலையின் முதுகில் மட்டும் வெயில் துண்டுதுண்டாக மின்னியது.

"நெலா வந்துடுச்சா?" என்றார்.

வந்துவிட்டிருந்தது. நடுப்பகலில், காசிமேட்டில், பௌர்ணமி.

அப்போதுதான் அந்தப் பெயரை முதன்முதலாகக் கேட்டேன். பார்ட்லி சார். 'மாயா பஜார்' படத்தில் நிலா வெளிச்சத்தில் படகு போகுமே, அந்த நிலாவைச் செய்தவர் அவர்தான் என்றார் மாமா. முக்கால்வாசிப் பாட்டு ஸ்டுடியோவுக்குள் எடுத்தது, வெளியில் எடுத்தது பத்து செகண்டு ஷாட் இருக்கும், அது நம்ம எண்ணூர் ஆற்றில் எடுத்தது என்றும் சொன்னார். அதைச் சொல்லும்போது, ஏதோ தன் சொந்தப் பெண்ணை நல்ல இடத்தில் கட்டிக்கொடுத்தவர்போல அவர் முகம் இருந்தது. இதே எண்ணூர்க் கதையை அவருக்குப் பிறகும் பழைய சினிமாக்காரர்கள் சிலர் சொல்லிக் கேட்டிருக்கிறேன். இன்றைக்கும் எண்ணூர் பஸ்ஸில் ஏறினால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது அந்த நிலாதான்.

மார்கஸ் பார்ட்லி 1917இல் பிறந்த ஆங்கிலோ இந்தியர். ஆரம்பத்தில் டைம்ஸ் ஆஃப் இந்தியா பத்திரிகைக்குப் புகைப்படக்காரர். பிறகு பிரிட்டிஷ் மூவிடோன் நிறுவனத்துக்குச் செய்திப்படம் எடுத்தார். செய்திப்படக்காரனுக்கு இரண்டாவது வாய்ப்பு என்பதே கிடையாது. நடப்பது நடந்துகொண்டே இருக்கும், இருக்கிற வெளிச்சத்தில் எடுத்தாக வேண்டும். அந்தப் பயிற்சியோடு மதராஸ் சினிமாவுக்கு வந்தவர், 1945இல் பி.என். ரெட்டியின் 'ஸ்வர்க்க சீமா'வில் தொடங்கி 'குணசுந்தரி கதா', 'பாதாள பைரவி', 'மிஸ்ஸியம்மா', 'மாயா பஜார்' என்று விஜயா – வாஹினி வட்டாரத்தின் கண்ணாகவே ஆகிப்போனார். 1952இல் பம்பாயில் நடந்த முதல் சர்வதேசத் திரைப்பட விழாவுக்குத் தென்னிந்தியாவிலிருந்து போன ஒரே படம் 'பாதாள பைரவி'.

அவர் செய்த நிலாவைப் பற்றிக் கொஞ்சம் நிதானமாகவே சொல்ல வேண்டும்.

நிலா வெளிச்சம் என்பது சூரிய வெளிச்சம்தான். ஒரு கல்லில் பட்டுத் திரும்பி வருகிறது, அவ்வளவே. வானத்தில் இரண்டும் ஏறக்குறைய ஒரே அளவுதான் தெரிகின்றன. அதனால் இரண்டின் நிழலும் ஒரே மாதிரி வெட்டின விளிம்போடு விழும். வித்தியாசம் அளவில் இருக்கிறது: பௌர்ணமி நிலவைவிடச் சூரியன் சுமார் 4 லட்சம் மடங்கு பிரகாசம். அன்றைய ஃபிலிமால் நிஜ நிலவொளியில் சினிமா எடுக்க முடியாது, ஒரு ஃபிரேமுக்குக் கிடைக்கும் நொடித்துண்டில் நடிகரின் மூக்கு தெரியாது. ஆகவே கேமராமேன் சூரியனையே நிலாவாக நடிக்கவைத்தார். சூரியனை நடிகர்களுக்குப் பின்னால் வைத்துக்கொள்வது. லென்ஸுக்கு முன் சிவப்பு ஃபில்டர் போட்டு வானத்தின் நீலத்தைக் கறுப்பாக்குவது. லென்ஸின் துளையைக் குறுக்கிப் படத்தை வேண்டுமென்றே இருட்டில் விடுவது. அதற்குப் பிறகு தலைமுடியின் ஓரத்திலும் துடுப்பின் நுனியிலும் தண்ணீரின் நெளிவிலும் மட்டும் வெளிச்சம் மிஞ்சும்.

ஹாலிவுட்டில் இந்த வித்தைக்கு 'டே ஃபார் நைட்' என்று பெயர். பிரெஞ்சுக்காரர்கள் இதை அமெரிக்க இரவு என்பார்கள். 1973இல் ஃபிரான்சுவா த்ரூஃபோ அந்தப் பெயரையே தலைப்பாக வைத்து ஒரு படம் எடுத்தார். வித்தை எல்லோருக்கும் தெரிந்ததுதான். பெரும்பாலான படங்களில் அது மங்கலான பகலாகவே பல்லிளிக்கும். பார்ட்லியிடம் அப்படி இளித்ததில்லை. எங்கே நிறுத்துவது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. வெளியில் எடுத்த துண்டுக்கும் ஸ்டுடியோவுக்குள் கட்டிய நிலாவுக்கும் நடுவே தையல் தெரியாது. அபிமன்யுவும் வத்சலாவும் ஏறிப்போன படகில் கிருஷ்ணரும் ருக்மிணியும் ஏறுவார்கள், பலராமரும் ஏறுவார், நிலா மட்டும் அதே நிலாவாக இருக்கும். அகஸ்தியா தியேட்டரில் மறுவெளியீட்டில் பார்த்தபோது, இது பகல் என்று தெரிந்தே உட்கார்ந்திருந்தேன். தெரிந்திருந்தும் உடம்பில் குளிர்ச்சி ஏறியது.

அதே படத்தில் லட்டுகள் தாமாகப் பறந்து கடோத்கஜன் வாய்க்குள் போகும். ஒரு ஸ்டுடியோ தளத்துக்குள் துவாரகை நகரமே சின்ன உருவத்தில் எழுந்து நிற்கும். மாயம் வேண்டிய இடத்தில் மாயம். 'மிஸ்ஸியம்மா'வில் மாயத்துக்கு வேலையில்லை, ஒரு வீடு, ஒரு முற்றம், சாவித்திரியின் முகத்தில் வரும் கோபமும் அது கரைவதும். அங்கே கேமரா வீட்டுக்காரர்போல அடக்கமாக நிற்கும். பிறகு 1965இல் ராமு காரியாட்டின் 'செம்மீன்'. நாட்டிகைக் கடற்கரை, ஈஸ்ட்மன் கலர், மீனவக் குடிசைகள். ஸ்டுடியோவுக்குள் வெளிச்சத்தைப் பானையில் பிடித்து ஊற்றிக்கொண்டிருந்த மனிதர், கட்டுக்கடங்காத கடல் வெயிலுக்கு நடுவே போய் நின்றார். தென்னிந்தியப் படத்துக்கு முதன்முதலாகக் கிடைத்த ஜனாதிபதி தங்கப் பதக்கம் அந்தப் படத்துக்குத்தான். இந்தியில் 'ராம் அவுர் ஷ்யாம்' எடுத்தார். 1969இல் 'சாந்தி நிலையம்', அதற்காக வண்ண ஒளிப்பதிவுக்கான தேசிய விருது. புராணம், குடும்பக் கதை, கடல், பங்களா. கறுப்பு வெள்ளை, கலர். தெலுங்கு, தமிழ், மலையாளம், இந்தி. ஹாலிவுட்டில் ஜேம்ஸ் வாங் ஹோவைச் சொல்வார்கள், எந்த வகைப் படத்துக்குக் கூப்பிட்டாலும் அந்தப் படத்தின் கண்ணோடு வந்து நின்றவர், 'தி ரோஸ் டாட்டூ', 'ஹட்' இரண்டுக்கும் ஆஸ்கர் வாங்கியவர். பார்ட்லியை அந்த வரிசையில் வைக்க எனக்குத் தயக்கமே இல்லை. 1993இல் அவர் இறந்தார். எங்கள் தெருவில் அன்றைக்கு லைட்டு மாமா மட்டும்தான் துக்கம் காத்தார்.

அந்தக் காலத்து எண்ணூரையும் சொல்ல வேண்டும். கொசஸ்தலையாறு கடலோடு சேரும் முகம் அது, பக்கிங்காம் கால்வாயும் அங்கே வந்து கலக்கிறது. வெள்ளைக்காரர் காலத்தில் மதராஸ் துரைமார் ஓய்வெடுக்கவும் படகு விடவும் போன இடம், ஆற்றோரம் அவர்களின் பங்களாக்கள் இருந்தன. அலையாத்திக் காடு, உப்பளம், மணல்மேடு. 1950களில் தொழிற்சாலைகள் வரத் தொடங்கிவிட்டன. அசோக் லேலண்ட் எண்ணூரில் வந்தது, என்ஃபீல்ட் மோட்டார் சைக்கிள் திருவொற்றியூரில் வந்தது, விம்கோ தீப்பெட்டி ஏற்கெனவே இருந்தது. ஆனாலும் ஆற்றுமுகம் இருட்டாகத்தான் இருந்தது. பொழுது சாய்ந்தால் குப்பங்களில் அரிக்கேன் விளக்குதான். அந்தத் தண்ணீரில்தான் ஒரு படகை விட்டுப் பகலை இரவாக்கினார்கள் என்பது என்னை இன்றுவரை விடாமல் பிடித்திருக்கிறது.

சினிமாவுக்கும் வடசென்னைக்கும் இருந்த உறவு அன்று ஒருவழிப்பாதை. படம் எடுப்பது தெற்கே, கோடம்பாக்கத்திலும் வடபழனியிலும். பார்ப்பது வடக்கே. முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' 1931 அக்டோபர் 31இல் வெளியானது தங்கசாலைப் பக்கத்துக் கினிமா சென்ட்ரலில்தான். அதன் ஃபிலிம் பெட்டி ஊர்வலமாக வந்தபோது வால்டாக்ஸ் ரோட்டில் ஜனம் தேங்காய் உடைத்துக் கற்பூரம் காட்டியதாக எழுதி வைத்திருக்கிறார்கள். ஆலைத் தொழிலாளியும் துறைமுகக் கூலியும் மீனவரும் கூலிப் பணத்தில் டிக்கெட் வாங்கித்தான் அந்த ஸ்டுடியோக்களின் விளக்குகள் எரிந்தன. பதிலுக்குத் திரையில் எங்கள் ஊருக்குக் கிடைத்தது என்ன? கடத்தல்காரன் பெட்டி இறக்கும் கிடங்கு. சண்டை போடுவதற்கு ஒரு துறைமுகம். லுங்கி கட்டிய அடியாள். பின்னணியாக இருந்தோமே தவிர, அங்கே ஒரு வீடு இருக்கும், வீட்டில் வெளிச்சம் எந்தப் பக்கம் விழும் என்று யாரும் வந்து பார்க்கவில்லை. ராயபுரம் ரயில் நிலையத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 1856இல் தென்னிந்தியாவின் முதல் ரயில் புறப்பட்ட இடம், இந்தியாவில் இன்னும் நிற்கும் நிலையக் கட்டடங்களில் மிகப் பழையது. காலை ஏழு மணிக்கு அந்தத் தூண்களின் நடுவே வெயில் சாய்ந்து விழுவதைப் பார்த்தால் தெரியும், அது எப்படிப்பட்ட இடம் என்று.

இந்தக் குறையைப் பின்னால் வந்த கேமராமேன்கள் தீர்த்தார்கள். 2007இல் 'பொல்லாதவன்', அதன் பிறகு 2018இல் 'வடசென்னை', இரண்டிலும் ஒளிப்பதிவு வேல்ராஜ். மதுரைக்காரர், ஆனால் எங்கள் சந்துகளுக்குள் கேமராவைத் தோளில் போட்டுக்கொண்டு இந்த ஊர்ப் பையன்போல நுழைந்தார். மதுரைச் சேவல் சண்டையை 'ஆடுகள'த்தில் எடுத்த அதே கை, 'அசுர'னின் வயல்வெளியிலும் போய் வேலை செய்தது. 'ஆரண்ய காண்ட'த்தில் பி.எஸ். வினோத் வடசென்னையின் மதிய வெயிலைப் பயமாக மாற்றினார். முரளி ஜி. புனே திரைப்படக் கல்லூரியில் படித்தவர். 2014இல் 'மெட்ராஸ்' படத்தில் வீட்டுவசதி வாரியக் குடியிருப்பின் படிக்கட்டையும் மாடிச் சுவரையும் அவர் எடுத்த விதத்தை நான் மூன்று முறை தியேட்டரில் பார்த்தேன். கதையே ஒரு சுவரைப் பற்றியது. அந்தச் சுவர் காலையில் ஒரு முகம், மாலையில் ஒரு முகம், நள்ளிரவில் வேறொரு முகமாக நிற்கும். அதற்கப்புறம் மலேசியாவில் 'கபாலி', தாராவிக் கதையான 'காலா', மறுபடி வடசென்னைக்கே திரும்பி 2021இல் 'சார்பட்டா பரம்பரை'. 1970களின் குத்துச்சண்டை மேடையில் வியர்வையும் தூசியும் வெளிச்சத்தில் மிதக்கும். அதைப் பார்த்துவிட்டு எண்பது வயதைத் தாண்டிய என் பெரியப்பா, "இப்பிடித்தாண்டா இருந்துச்சு" என்று மட்டும் சொன்னார்.

துறைமுகத்தின் இரவு எங்கள் ஊரில் ஒரு காலம் முழுக்க ஆரஞ்சு நிறம். சோடியம் விளக்குகள். அந்த வெளிச்சத்தில் சிவப்புப் புடவையும் பச்சைப் புடவையும் ஒன்றுபோலத் தெரியும், முகங்கள் வெண்கலமாகும், கன்டெய்னர் லாரி கிளப்பும் தூசிகூடப் பொன்னாகும். ராயபுரத்தில் வளர்ந்தவனுக்கு இரவு என்றால் அந்த நிறம்தான். இப்போது தெருவிளக்கெல்லாம் எல்.இ.டி.யாகிவிட்டது. வெள்ளை, பாலாடைபோல எல்லாவற்றையும் மூடும் வெள்ளை. மனிதர்கள் நடக்க அதுவே நல்லது, பெண்கள் இரவு வேலை முடிந்து வர அதுவே பாதுகாப்பு, மறுக்க மாட்டேன். ஆனால் 1990களின் வடசென்னையை இனி யாராவது எடுக்க வந்தால் அந்த ஆரஞ்சைத் தெருவில் தேடிப் பயனில்லை. ஜெனரேட்டர் வண்டியோடு சேர்த்து அவர்களே கொண்டுவந்து வைக்க வேண்டும். பார்ட்லி பகலில் நிலாவைக் கட்டியதுபோல, இவர்கள் எல்.இ.டி. பலகையில் எண்ணைத் திருகிச் சோடியத்தைக் கட்டுகிறார்கள்.

கருவிகள் மாறியதை ஒரே கணக்கில் சொல்லிவிடலாம். 1952இல் வந்த ஈஸ்ட்மன் கலர் நெகட்டிவின் வேகம் 25. அதற்குக் காட்சி தெரியவேண்டுமென்றால் லைட்டு மாமாவின் தோள்பட்டை இறங்கவேண்டும். இன்று கையில் அடங்கும் சோனி எஃப்எக்ஸ் 3 கேமராவின் இரண்டாவது அடிப்படை வேகம் 12,800. ஐந்நூறு மடங்குக்கும் மேல். 1975இல் 'பேரி லிண்டன்' படத்துக்காக மெழுகுவத்தி வெளிச்சத்தில் எடுக்க, ஸ்டான்லி குப்ரிக்கும் ஜான் ஆல்காட்டும் நாசாவுக்கென்று செய்த லென்ஸைத் தேடிப்போனார்கள். இன்று அந்த அலைச்சல் வேண்டாம். நிஜ நிலவொளியிலேயே எடுக்கலாம். இருந்தாலும் பகலை இரவாக்கும் வித்தை செத்துவிடவில்லை. 2022இல் 'நோப்' படத்துக்கு ஹொய்ட்டே வான் ஹொய்ட்டெமா இரவுக் காட்சிகளைப் பகலில்தான் எடுத்தார், அகச்சிவப்புக் கேமரா ஒன்றையும் பக்கத்தில் சேர்த்துக்கட்டி. வானத்தைக் கறுப்பாக்க அன்றைக்குச் சிவப்புக் கண்ணாடி, இன்றைக்கு அகச்சிவப்பு. லைட்டு மாமா இருந்திருந்தால் சட்டைப் பையைத் தொட்டுக் காட்டியிருப்பார்.

அவருடைய பேரன் இப்போது சினிமாவில் இருக்கிறான். உதவி ஒளிப்பதிவாளர். போன வருஷம் ஒரு பௌர்ணமிக்கு முன்னால் வந்து, "பெரியப்பா, தாத்தா சொன்ன எண்ணூர் நெலாவ நெஜமாவே எடுத்துப் பாக்கலாமா? கேமரா ரெண்டு நாளைக்குக் கையில இருக்கு" என்றான். சாயங்காலம் நாலரைக்கு அவன் பைக்கில் கிளம்பினோம்.

திருவொற்றியூர் வரை மெட்ரோவின் தூண்கள் கூடவே வந்தன. விம்கோ நகர்வரை ரயில் ஓடுகிறது, 2021 பிப்ரவரியிலிருந்து. அதைத் தாண்டினால் லாரிகள்தான். கத்திவாக்கம் கடந்து முகத்துவாரக்குப்பம் பக்கம் ஆற்றுமுகத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது வெயில் இறங்கிவிட்டது. வடக்கே காமராஜர் துறைமுகம். 2001இல் எண்ணூர்த் துறைமுகமாகத் திறக்கப்பட்டது. அதற்கு மேற்கே வடசென்னை அனல்மின் நிலையத்தின் புகைபோக்கிகள். தெற்கே 1970களில் கட்டி 2017இல் மூடிய பழைய எண்ணூர் அனல்மின் நிலையம் இருந்த இடம்.

ஒன்றைச் சொல்லாமல் போனால் ராயபுரத்துக்காரனான எனக்கு உறுத்தும். எங்கள் வீட்டுக் கொடியில் காயப்போட்ட வேட்டி ஒரு காலத்தில் மாலைக்குள் கறுத்துப்போகும். துறைமுகத்து நிலக்கரித் தூசி. ஜன்னல் கம்பியைத் தொட்டால் விரல் கறுக்கும், பிள்ளைகளுக்கு ஓயாத இருமல். 2011இல் உயர் நீதிமன்ற உத்தரவுக்குப் பிறகு நிலக்கரியும் இரும்புத் தாதும் சென்னைத் துறைமுகத்திலிருந்து எண்ணூருக்கு மாறின. நாங்கள் நிம்மதியாக மூச்சு விட்டோம். அந்தக் கரி எங்கே போனது என்று அன்றைக்கு எங்கள் தெருவில் யாரும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. அது இங்கே வந்திருக்கிறது.

ஆற்றில் ஒருவர் தொடையளவு தண்ணீரில் வலையோடு நின்றிருந்தார். கரையேறியபோது பார்த்தேன், முழங்காலுக்குக் கீழே இரண்டு காலிலும் சாம்பல் நிறத்தில் ஒரு மெழுகு. காய்ந்த இடத்தில் வெடித்து, விபூதி பூசினதுபோல இருந்தது. சேறு கறுப்பாகத்தானே இருக்கும் என்று கேட்டேன்.

"சேறு எங்கண்ணா? இது கரண்டு ஆபீஸ் சாம்பலு. பைப்பு ஒடஞ்சு ஒடஞ்சு ஆத்துல வுழுந்தது. முன்ன இந்த எடத்துல ஆள் ஆழம். இப்ப பாரு, இடுப்புகூட வரல." கூடையைச் சாய்த்துக் காட்டினார். எறா கொஞ்சம், நண்டு நாலு. எறாவின் ஓட்டுக்கடியிலும் அந்தச் சாம்பல்.

2017 ஜனவரி 28இல் துறைமுகத்துக்கு வெளியே இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியது, ஆட்கள் வாளி வாளியாக அள்ளினார்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய் இந்த ஆற்றுக்குள்ளேயே வந்தது. வீட்டுச் சுவரிலும் படகின் வயிற்றிலும் அதன் கோடு நின்றது. இதே ஆற்றில்தான் 2017 ஜனவரியில் வெளியான 'சென்னை புறம்போக்கு பாட'லைப் படம்பிடித்தார்கள். கபேர் வாசுகி எழுதி, டி.எம். கிருஷ்ணா பாடி, ரதிந்திரன் ஆர். பிரசாத் இயக்கியது. கச்சேரி சபாவில் கேட்ட குரல் சாம்பல் படிந்த ஆற்றங்கரையில், புகைபோக்கிகள் பின்னால் நிற்க, ஒலித்தது. 'மாயா பஜார்' படகுப் பாட்டுக்கு அறுபது வருஷம் கழித்து. இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டுப் பார்த்திருக்கிறேன். இரண்டும் பாட்டு, இரண்டிலும் தண்ணீர். இரண்டாவதைப் பார்த்த ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை.

நிலா எழுந்தது. கடல்மேல், பெரிதாக, செம்மண் நிறத்தில். பேரன் கேமராவை முக்காலியில் ஏற்றிச் சின்னத் திரையைப் பார்த்தான். ஒவ்வொரு எண்ணாக மாற்றினான். முகம் சுருங்கியது.

"என்னடா?"

"நெலா கெடைக்குது பெரியப்பா. நெலா வெளிச்சம் கெடைக்கல."

திரையில் காட்டினான். ஆறு முழுவதும் பளபளத்தது, ஆனால் அந்தப் பளபளப்பு வடக்கிலிருந்து வந்தது. துறைமுகத்து உயர்கோபுர விளக்குகள், கிரேன் விளக்குகள், மின்நிலையத்தின் வரிசை விளக்குகள். தண்ணீரில் அவை நீண்ட வெள்ளைக் கோடுகளாக விழுந்து கிடந்தன. வானமே அந்தப் பக்கம் கறுக்கவில்லை, பழுத்த இலையின் நிறத்தில் இருந்தது. 12,800 வேகத்தில் பார்க்கும் கேமராவுக்கு இது ராத்திரியே இல்லை.

மீனவர் பக்கத்தில் வந்து நின்று எங்களையும் கேமராவையும் பார்த்தார். பிறகு மணலைக் காட்டினார்.

"நெலாவ எடுக்க வந்தியா தம்பி? நெழலப் பாரு. நெலா கெழக்கால இருக்குது, நெழலு மேக்கால வுழணும். நம்ம மூணு பேரு நெழலும் தெக்கால வுழுது." சொல்லிவிட்டுத் தன் காலடியைப் பார்த்துக்கொண்டே நின்றார். "இருட்டுல ஒதுங்குற மீனு ஒண்ணு இருக்கும்ணா. எங்கப்பா காலத்துல அமாவாச ராத்திரியில வருமாம். எனுக்குத் தெரிஞ்சு இந்த ஆத்துல அமாவாசையே வந்தது இல்ல."

பேரன் வெகுநேரம் பேசவில்லை. கரையில் ஒரு ஃபைபர் படகு ஒருக்களித்துக் கிடந்தது. அதன் தெற்குப் பக்கம் போய்க் குனிந்து பார்த்தான். துறைமுக வெளிச்சத்தைப் படகின் உடம்பு மறைத்ததால் அங்கே ஓர் ஆள் உட்காரும் அளவுக்கு இருட்டு இருந்தது.

"அண்ணே, இங்க வந்து ஒக்காருங்களேன்" என்று மீனவரைக் கூப்பிட்டான்.

அவர் வலையை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் ஒன்றும் தெரியவில்லை. கண் பழகியபின் அவருடைய தோளின் ஓரம் முதலில் தெரிந்தது, பிறகு முடி, பிறகு வலையின் கண்கள். அவருக்கு மேற்கே மணலில் மெலிதாக, ஆனால் வெட்டின விளிம்போடு, ஒரு நிழல். காலில் காய்ந்திருந்த சாம்பல் வெள்ளியாக இருந்தது.

பேரன் பொத்தானை அழுத்தினான். மனதுக்குள் எண்ணினேன். பத்து எண்ணி முடிப்பதற்குள் வடக்கே ஒரு கிரேன் தன் கையைத் திருப்ப, அதன் விளக்கு படகின் மேல்விளிம்பைத் தாண்டி எங்கள் மேல் விழுந்தது. நிழல் தெற்கே போய்விட்டது.

"வந்துச்சா?" என்றார் மீனவர்.

"ஏழு செகண்டு வந்திருக்குண்ணே" என்றான் அவன். சட்டைப் பையிலிருந்து துணியை எடுத்து லென்ஸைத் துடைத்தான். துணியில் சாம்பல் வந்தது.